சேலம் குகை வட்டாரத் தறியில் டார்ட்டன் நெய்வது எப்படி

ஏற்காட்டுக் குளிருக்கு ஸ்காட்லாந்தின் டார்ட்டன் கட்டத்தில் ஒரு மஃப்ளர் வேண்டும் என்று நண்பன் கேட்டான். கட்டம் போடுவதெல்லாம் ஒரு வேலையா என்று சித்தப்பாவின் இரண்டு விழுதுத் தறியிலேயே ஏற்றிவிட்டேன் (விழுது என்பது பாவு இழைகளைத் தூக்கும் கண்ணிச் சட்டம்). ஒரு சாண் நெய்ததும் எட்டிப் பார்த்தவர், "இது கைலிதான்டா" என்றார்.

தப்பு கலரில் இல்லை, நெசவில். கைலியில் ஊடை, அதாவது குறுக்கு நூல், நீளவாட்டுப் பாவில் ஓர் இழைக்கு மேலே, அடுத்ததற்குக் கீழே போகும். டார்ட்டனில் இரண்டுக்கு மேலே, இரண்டுக்குக் கீழே, அடுத்த ஊடை ஓர் இழை தள்ளி, அதனால் ஜீன்ஸ் துணி மாதிரி சாய்கோடு விழும். பச்சைப் பாவும் சிவப்பு ஊடையும் சந்திக்கும் இடத்தைக் கண்ணருகே வைத்தால் இரண்டும் பொடிக் கோடுகளாக மாறி மாறி ஓடும், கையை நீட்டிப் பிடித்தால் மூன்றாவதாக ஒரு கலர் தெரியும். மூன்று கலர் நூல் துணியில் 6 சாயல் தரும், நான்கு 10, ஆறு 21. நூல் வாங்கும்போது ஆசைப்படாதீர்கள்.

சரி, நாலு விழுது கட்டுங்கள். மிதி வரிசை 1-2, 2-3, 3-4, 4-1, ஒவ்வொரு மிதிக்கும் அந்த இரண்டு விழுது சேர்ந்து எழும். கனமான நூலாக இருக்கட்டும், அங்குலத்துக்கு 32 இழை. நான் போட்டது காப்பித் தோட்டக் கலர்: பச்சை 32, கறுப்பு 16, பச்சை 12, பழச் சிவப்பு 4. சிவப்பைத் தொட்டதும் அதே வழியில் திரும்பி வர வேண்டும், பச்சை 12, கறுப்பு 16, மறுபடி பெரிய பச்சை. திரும்பும் இரண்டு பட்டைகளையும், சிவப்பையும் பெரிய பச்சையையும், ஒரு தடவைதான் எண்ண வேண்டும், ஆக ஒரு சுற்று 92 இழை. நாலு சுற்றுக்கு 368, பதினொன்றரை அங்குல அகலம். பெரிய பச்சையில் பாதியில் தொடங்கிப் பாதியில் முடித்தால் இரண்டு ஓரமும் ஒன்றுபோல இருக்கும்.

எந்தக் குலத்துக் கட்டம் என்று எல்லாரும் கேட்பார்கள். நம் பக்கம் கூட்டம் என்கிறோமே, ஸ்காட்லாந்தில் அது குலம். ஆனால் குலத்துக்கு ஒரு கட்டம் என்பது ஆதிகாலத்து வழக்கம் இல்லை. 1746இல் கலோடன் போரில் மலைநாட்டுக் கலகக்காரர்கள் தோற்ற பிறகு, அங்கே ஆண்கள் மலைநாட்டு உடை உடுத்தத் தடை வந்தது, பட்டாளத்துக்கு மட்டும் விலக்கு. 1782இல்தான் அது நீங்கியது. ஸ்காட்லாந்தின் பேனக்பர்ன் ஊரில் வில்சன் குடும்பம் பட்டாளத்துக்கும் சந்தைக்கும் நெய்தபோது பல கட்டங்களுக்கு வெறும் எண்தான், குலப் பெயர் பின்னால் ஒட்டியது. 1822இல் நான்காம் ஜார்ஜ் மன்னர் எடின்பரோவுக்கு வந்தபோது எல்லாருக்கும் டார்ட்டன் பைத்தியம் பிடித்தது. 1842இல் இரண்டு சகோதரர்கள் பழைய சுவடியில் கண்டதாகச் சொல்லி ஒரு கட்டப் புத்தகமே போட்டார்கள், அது புளுகு. அதனால் முன்னோரைத் தேடி அலையாமல் சொந்தமாகப் போடுங்கள். ஸ்காட்லாந்து அரசின் டார்ட்டன் பதிவேட்டில் வெளிநாட்டவரும் கட்டணம் கட்டிப் பதியலாம், வைக்கும் பெயரோடு தொடர்பு காட்ட வேண்டும். ஏற்காட்டில் 1820களில் காப்பியைக் கொண்டுவந்த கலெக்டர் காக்பர்னே ஸ்காட்லாந்துக்காரர்தான், நமக்கு அவ்வளவு தொடர்பு போதாதா!

கில்ட், அதாவது ஸ்காட்லாந்து ஆண்கள் இடுப்பில் உடுத்தும் மடிப்புப் பாவாடை, நெய்ய ஆசைப்பட்டால் யோசியுங்கள், முழுக் கில்ட்டுக்கு ஏறக்குறைய 8 கஜம் போகும், பின்பக்க மடிப்பு ஒவ்வொன்றிலும் கட்டம் பொருந்தித் தைக்க வேண்டும். பழைய பெரிய கில்ட் அப்படியில்லை, தைக்காத நீளத் துணியை மடித்து இடுப்பில் வாரால் இறுக்கி மிச்சத்தைத் தோளில் போடுவது. வேட்டி கட்டத் தெரிந்தவருக்கு அது புரிந்துவிடும்.

ஊடையும் அதே வரிசை, அதே எண்ணிக்கை, அங்குலத்துக்கு 32. பலமாக அடித்தால் சதுரம் சப்பையாகிவிடும். என் இரண்டாவது மஃப்ளரில் மூன்று அங்குல அகலத்துக்கு இரண்டரைதான் உயரம், அளவுகோலைப் பக்கத்திலேயே வைத்துக்கொள்ளுங்கள். இந்த நெசவில் ஓர இழை ஊடையில் சிக்காமல் நழுவும். இரண்டு ஓரத்திலும் ஓர் இழையை விழுதில் கோக்காமல் விட்டு, நாடா (ஊடை நூலைக் கொண்டுபோகும் கட்டை) உள்ளே போகும்போது அதன் மேலே, வெளியே வரும்போது அடுத்த பக்கத்து இழைக்குக் கீழே விடுங்கள். மூன்று நாடாவை மாற்றி மாற்றி எடுப்பதில் முதல் நாள் கை குழம்பும், அப்புறம் பழகிவிடும்.