சைலண்ட் ஹில்லில் வழி தவறாமல் நடப்பது எப்படி

வீடு கட்டுகிறவர்களுக்குப் பிளான் போட்டுக் கொடுப்பது என் வேலை. கதவு எந்தப் பக்கம் திறக்கும், படிக்கட்டு எங்கே ஏறி எங்கே முடியும், இந்தச் சுவருக்குப் பின்னால் என்ன என்று பகலெல்லாம் இதே பேச்சு. இரவில் சைலண்ட் ஹில் என்ற திகில் வீடியோ கேமை, அதே பெயருள்ள பனிமூட்ட ஊரில் வழி தேடி நடக்கும் கேமை, விளையாட உட்கார்ந்தாலும் கை அதையேதான் தேடுகிறது. என் தங்கை முதன்முதலாக விளையாடியபோது முக்கால் மணி நேரத்தில் கன்ட்ரோலரைக் கீழே வைத்துவிட்டாள். "பயமா இருக்குண்ணே" என்றாள். பக்கத்தில் உட்கார்ந்து கவனித்திருந்தேன். ஒரே தெருவை மூன்றாவது முறையாகச் சுற்றிக்கொண்டிருந்தாள். பயத்தைவிட, எங்கே நிற்கிறோம் என்று தெரியாததுதான் அவளைச் சோர்வாக்கியது. மறுநாள் ஒரு கிராஃப் தாளும் சிவப்புப் பேனாவும் எடுத்து வைத்துக்கொண்டு மறுபடி ஆரம்பித்தோம். இரண்டு வாரத்தில் முடித்தாள். அன்று அவளுக்குச் சொன்னதைத்தான் இங்கே எழுதுகிறேன். கதையின் முடிச்சுகளை அவிழ்க்க மாட்டேன்.

முதலில், எதில் தொடங்குவது? 1999-ல் பிளேஸ்டேஷனுக்கு வந்த முதல் கேம், அல்லது 2001-ல் வந்த இரண்டாவது. இரண்டுக்கும் கதைத் தொடர்பு குறைவு என்பதால் எதை முதலில் எடுத்தாலும் பரவாயில்லை. பழைய கேம்களின் கேமராக் கோணம் ஒத்துவரவில்லை என்றால் 2024-ல் வந்த இரண்டாம் பாகத்தின் மறுஆக்கத்தை எடுங்கள். அதில் கேமரா தோளுக்குப் பின்னால் வந்துவிடும். நான் கீழே சொல்லும் நுணுக்கங்கள் பழைய கேம்களை வைத்துத்தான், ஆனால் அடிப்படைப் பழக்கம் எல்லாவற்றுக்கும் பொருந்தும்.

ஊருக்குள் நுழைந்ததும் செய்ய வேண்டிய முதல் காரியம் வரைபடத்தைத் தேடி எடுப்பது. துப்பாக்கி அப்புறம். முதல் கேமில் நாம் நடத்தும் பாத்திரமான ஹாரி ஒரு சிறிய காபிக்கடையில் கண்விழிப்பார். போலீஸ்காரப் பெண் ஒருவர் துப்பாக்கியைக் கொடுத்துவிட்டுப் போவார். உடனே வெளியே ஓடாதீர்கள். அந்தக் கடைக்குள்ளேயே ஊர் வரைபடம், டார்ச், சமையல் கத்தி எல்லாம் இருக்கும். இரண்டாம் கேமின் நாயகன் ஜேம்ஸ் நிறுத்தியிருக்கும் காருக்குள்ளேயே வரைபடம் கிடக்கும், எடுக்காமல் கீழே இறங்கிப் போகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். கட்டடங்களுக்கும் இதே விதிதான். பள்ளியானாலும் ஆஸ்பத்திரியானாலும் வரவேற்பறைப் பக்கம் ஒரு வரைபடம் இருக்கும். அது கைக்கு வரும்வரை உள்ளே ஆழமாகப் போகாதீர்கள்.

வரைபடம் வந்துவிட்டால், உங்கள் பாத்திரமே அதில் சிவப்பில் குறிக்க ஆரம்பிப்பார். தெரு இடிந்து பாதாளமாகக் கிடந்தால் அங்கே ஒரு கோணல்கோடு விழும். திறந்த கதவுக்கு ஒரு குறி, திறக்காததற்கு வேறு குறி, புதிர் இருக்கும் இடத்துக்கு வட்டம். இதன் அர்த்தம் என்ன? நீங்கள் தொட்டுப் பார்த்ததுதான் வரைபடத்தில் ஏறும். தொடாத கதவு வெறும் கதவாகவே நிற்கும். அதனால் தாழ்வாரத்தின் ஒரு முனையில் தொடங்கி, ஒரு பக்கச் சுவரைப் பிடித்துக்கொண்டு, ஒரு கதவையும் விடாமல் தள்ளிப் பாருங்கள். திரும்பும்போது மறுபக்கச் சுவர். சைட்டில் அளவெடுக்கும்போது நாங்கள் செய்வது இதுதான், இடையில் தாவினால் ஏதோ ஒரு அறை விட்டுப்போகும்.

கதவைத் தள்ளும்போது திரையில் வரும் வாக்கியத்தை நிதானமாகப் படியுங்கள். இதைத்தான் எல்லோரும் தவறவிடுகிறார்கள். 'பூட்டியிருக்கிறது' என்று வந்தால் எங்கோ சாவி இருக்கிறது, திரும்பி வர வேண்டும். 'பூட்டு உடைந்திருக்கிறது, திறக்க முடியாது' என்று வந்தால் அந்தக் கதவை மறந்துவிடலாம், அது இப்போதைக்குச் சுவர். இந்த ஒரு வித்தியாசம் தெரிந்தால் அலைச்சல் பாதியாகக் குறையும். தங்கையின் தாளில் சாவிக்காகக் காத்திருக்கும் கதவுகளுக்கு மட்டும் ஒரு சின்ன வட்டம் போட வைத்தேன். மாலை முழுக்க விளையாடினாலும் நாலைந்து வட்டத்துக்கு மேல் மிஞ்சவில்லை. அவளுக்கே ஆச்சரியம்.

ஊருக்கும் இப்படியே செய்யலாம். முதல் கேமின் தொடக்கத்தில் 'பழைய சைலண்ட் ஹில்' என்றே பெயர் கொண்ட அந்தப் பகுதி பனிமூட்டத்தில் முடிவில்லாமல் நீளுவதுபோலத் தெரியும். மூட்டத்துக்கு ஒரு நடைமுறைக் காரணமும் உண்டு. அந்தக் கால பிளேஸ்டேஷனால் தொலைவில் உள்ள தெருக்களை எல்லாம் வரைந்து காட்ட முடியாது, அந்தக் குறையை மறைத்த மூட்டமே தொடரின் அடையாளமாகிவிட்டது. சரி, இடிந்த தெருக்களை எல்லாம் தாளில் அடித்துவிட்டுப் பாருங்கள். மிஞ்சுவது ஒரு தாழ்வாரமும் அதிலிருந்து பிரியும் சில அறைகளும்தான். பெரிய ஊர் ஒரு வீடாகச் சுருங்கிவிடும். லெவின் தெருவில் நாய்க்கூண்டு இருக்கும் ஒரு வீடு வரும், அதன் பின்கதவுக்கு மூன்று பூட்டு. மூன்று சாவியும் ஊரில் மூன்று மூலைகளில். வீட்டுக்குள்ளேயே அந்த மூலைகளைக் காட்டும் வரைபடம் இருக்கிறது. அதைப் பார்க்காமல் சாவி தேடி அலைவது வீண்.

தெருவில் வருகிற மிருகங்களோடு மல்லுக்கு நிற்காதீர்கள். அகலமான ரோட்டில் வளைந்து ஓடிவிடலாம். தோட்டாவைக் குறுகிய தாழ்வாரங்களுக்கு வைத்துக்கொள்ளுங்கள். உங்கள் பாத்திரத்திடம் இருக்கும் ரேடியோ கரகரத்தால் பக்கத்தில் ஏதோ இருக்கிறது. அதை அணைக்கவே அணைக்காதீர்கள், ஹெட்போன் போட்டு விளையாடுங்கள். டார்ச்சை அணைத்தால் அவை உங்களைக் கவனிப்பது குறையும். ஆனால் இருட்டில் வரைபடத்தைப் படிக்க முடியாது என்று கேம் சொல்லிவிடும். எனவே எந்தக் கதவுக்குப் போகிறோம் என்பதை வெளிச்சத்திலேயே முடிவு செய்துகொண்டு, அப்புறம் விளக்கை அணைத்து நடங்கள். இரண்டாம் கேமில் டார்ச் கிடைப்பதே உட்சைட் அடுக்குமாடியில், உடை மாட்டிய ஒரு பொம்மையின் மார்பில்தான். எடுத்த நொடியில் அந்த அறையில் என்ன அசைகிறது என்று பார்த்துக்கொள்ளுங்கள். சேவ் செய்யும் இடம் வந்தால் யோசிக்காமல் சேவ். கேமின் ஆஸ்பத்திரிப் பகுதியில் இருக்கும்போது வீட்டில் கரண்ட் போய் இரண்டு மணி நேர ஆட்டத்தை இழந்தவன் சொல்கிறேன்.

இனி, முதல் கேமில் வரும் மிட்விச் தொடக்கப்பள்ளி. இந்தத் தொடரில் எனக்கு மிகவும் பிடித்த கட்டடம். நடுவில் திறந்த முற்றம், அதில் மணிக்கூண்டு, சுற்றிலும் இரண்டு மாடி வகுப்பறைகள். நம் பழைய முற்றத்து வீடுகளைப் பார்த்தவர்களுக்கு இந்த அமைப்பு உடனே பிடிபடும்: எங்கே தொலைந்தாலும் முற்றத்துக்கு வந்தால் திசை தெரிந்துவிடும். இரண்டு பதக்கங்களைத் தேட வேண்டும். ஒன்று வேதியியல் அறைப் பக்கம், ஒரு சிலைக்கை அதைப் பிடித்திருக்கும். இன்னொன்று இசை அறையில். அங்கே ஒரு பியானோவும், குரலில்லாத பறவைகளைப் பற்றி ஒரு கவிதையும் இருக்கும்.

இந்தப் புதிரில்தான் நிறையப் பேர் விடையை வெளியில் தேட ஓடுகிறார்கள். ஓடாதீர்கள், ஐந்து நிமிடம் உட்காருங்கள். முதலில் ஒவ்வொரு கட்டையாக அழுத்திக் கேளுங்கள். சில கட்டைகள் ஊமையாக இருக்கும். குரலில்லாத பறவைகள் அவைதான். இப்போது கவிதையில் வரும் பறவைகளை வரிசையாக எழுதுங்கள்: கூழைக்கடா, புறா, அண்டங்காக்கை, அன்னம், காகம். வெள்ளை எது, கறுப்பு எது? வெள்ளை, வெள்ளை, கறுப்பு, வெள்ளை, கறுப்பு. பியானோவிலும் இரண்டே நிறம். எந்தப் பறவை எதைத் தாண்டிப் பறந்தது, எது எதன் பக்கத்தில் வந்து அமர்ந்தது என்பதெல்லாம் கட்டைகளின் இடம். இதற்கு மேல் சொல்ல மாட்டேன். தங்கை அந்த ஐந்தாவது கட்டையை அழுத்திவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்த முகத்தை வேறொருவருக்கு இல்லாமல் செய்ய எனக்கு மனமில்லை.

பள்ளியின் பாதியில் ஊர் மாறும். சுவர் துருப்பிடித்த கம்பிவலையாகும், தரையில்லாத தளத்தில் நடப்பதுபோல இருக்கும். இங்கே பதறாமல் இருக்க ஒரே வழி, பழைய வரைபடத்தின் மேல் புதியதை வைத்துப் பார்ப்பது. கட்டடம் அதேதான், கதவுகளின் விதி மட்டும் மாறியிருக்கும். முன்பு உடைந்திருந்த பூட்டு இப்போது திறக்கலாம், முன்பு நுழைந்த அறை மூடியிருக்கலாம். ஆகவே எல்லாக் கதவையும் முதலிலிருந்து தள்ளிப் பார்க்க வேண்டும். தாளில் நாங்கள் பழையதைச் சிவப்பிலும் மாறிய உலகத்தை நீலத்திலும் குறித்தோம்.

இந்தப் பழக்கம் அடுத்தடுத்த கேம்களிலும் கைகொடுக்கும். 2003-ல் வந்த மூன்றாம் கேம் ஒரு ஷாப்பிங் மாலில் தொடங்கும், ஆனால் பிற்பகுதியில் சைலண்ட் ஹில்லுக்குத் திரும்பும்போது இரண்டாம் கேமின் புரூக்ஹேவன் ஆஸ்பத்திரி அதே அமைப்போடு மறுபடி வரும். பழைய தாளை வைத்திருந்தவர்களுக்கு யோகம். இரண்டாம் கேமின் பிற்பகுதியில் நிலத்தடியில் ஒரு சிக்கலான சுற்றுவழி வருகிறது. அங்கே வரைபடமே கிடைக்காது. நீங்கள் நடக்க நடக்க ஜேம்ஸே கையால் கிறுக்கிக்கொண்டு வருவார். கோணலும் மாணலுமான அந்தக் கோடுகளைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அவர்மேல் ஒரு பாசம் வரும். முதல் கேமின் கடைசிப் பகுதி இன்னும் கடினம்: வரைபடம் கிடையாது, பள்ளிக் கதவைத் திறந்தால் ஆஸ்பத்திரி வரும். அங்கே கிராஃப் தாள் உதவாது. ஒவ்வொரு கதவிலும் எந்த இடத்தின் சாயல் இருக்கிறது என்று பெயரை மட்டும் எழுதி அம்புக்குறியால் இணையுங்கள்.

இந்த ஊர் எங்கிருந்து வந்தது என்று தெரிந்துகொண்டால் நடப்பது இன்னும் சுவையாகும். உருவாக்கியவர்கள் டோக்கியோவில் கோனாமி நிறுவனத்தின் ஒரு குழு. முதல் கேமின் இயக்குநர் கெய்ச்சிரோ தொயாமா, இசை அகிரா யமாவோகா. அவர்கள் ஏரிக்கரையில் ஓர் அமெரிக்கச் சிற்றூரைப் படித்ததிலிருந்தும் பார்த்ததிலிருந்தும் கட்டினார்கள். தெருப்பெயர்களைப் படியுங்கள்: பிளாக், மேத்திசன், லெவின், பிராட்பரி, கூன்ட்ஸ் எல்லாம் திகில், அறிவியல் புனைகதை எழுத்தாளர்களின் பெயர்கள். மிட்விச் என்பதே ஓர் ஆங்கில நாவலில் வரும் கிராமம். பள்ளியின் தோற்றம் 1990-ல் வந்த ஓர் அமெரிக்க நகைச்சுவைப் படத்தின் பள்ளியை அப்படியே ஒத்திருக்கும், அந்தப் படம் எடுக்கப்பட்டது ஒரிகன் மாநிலத்து அஸ்டோரியா ஊரில்.

பென்சில்வேனியாவின் சென்ட்ரேலியாதான் அசல் சைலண்ட் ஹில் என்று பலர் சொல்வார்கள். அங்கே 1962 முதல் நிலத்தடியில் நிலக்கரி எரிந்துகொண்டிருக்கிறது. 1984-ல் அமெரிக்க நாடாளுமன்றம் மக்களை வேறிடத்தில் குடியமர்த்த 4 கோடி டாலருக்கும் மேல் ஒதுக்கியது. ஆனால் அந்த ஊர் தாக்கம் தந்தது 2006-ல் வந்த திரைப்படத்துக்கு. படத்தில் வானிலிருந்து சாம்பல் விழும், முதல் கேமில் விழுவது பருவம் தவறிய பனி. கேம் விளையாடும்போது சென்ட்ரேலியாவைத் தேடாதீர்கள், அந்த மக்கள் இழந்தது நிஜமான வீடுகளை. அங்கே கிறுக்கல்களால் பெயர்பெற்ற கைவிடப்பட்ட நெடுஞ்சாலைத் துண்டையும் 2020-ல் மண் கொட்டி மூடிவிட்டார்கள்.

நிஜ ஊரோடு ஒப்பிட்டு விளையாட வேண்டும் என்றால் 2025 செப்டம்பரில் வந்த சைலண்ட் ஹில் எஃப் எடுங்கள். 1960-களின் ஜப்பான், எபிசுகாவோகா என்ற கற்பனை ஊர், ஹினாகோ என்ற பள்ளி மாணவி. துப்பாக்கியே கிடையாது. இந்த ஊருக்கு அடித்தளம் கிஃபு மாகாணத்தில் கெரோ நகரைச் சேர்ந்த கனயாமா. ஹிதா ஆறும் மாசே ஆறும் கூடும் இடம் அது. வீடுகளுக்கு இடையே ஆள் ஒருவர் போகும் அளவுக்குச் சந்துகள் பின்னிக்கிடக்கின்றன. உள்ளூரில் அந்தச் சந்துகளுக்குக் 'கின்கொட்சு' என்று பெயர், தசையும் எலும்பும் என்று பொருள். கேமில் ஹினாகோ ஓடும் சந்துகளில் நான் வழிதவறிய இடமெல்லாம் இந்தப் பின்னல்தான். இணைய வரைபடத்தில் ஹிதா-கனயாமா ரயில் நிலையத்தைத் திறந்து, ஆற்றுப் பாலம் வரை விரலால் நடந்து பாருங்கள். ஆற்றை எப்போதும் ஒரு பக்கத்தில் வைத்துக்கொள்ளும் பழக்கம் வந்துவிடும், கேமிலும் தண்ணீர் எந்தப் பக்கம் என்பதே திசைக்கு நல்ல அடையாளம்.

நேரில் போகும் வாய்ப்புள்ளவர்களுக்கு ஒன்று: அவை குடியிருக்கும் வீடுகளின் பின்வாசல்கள். துணி உலர்த்தியிருப்பார்கள், செடித்தொட்டி வைத்திருப்பார்கள். குரலைத் தாழ்த்தி நடங்கள், திறந்திருக்கும் கதவுக்குள் கேமராவை நீட்டாதீர்கள். அங்கே எந்தக் கதவையும் தள்ளிப் பார்க்க வேண்டாம்.