சாசேஜ் தக்காளி பாஸ்தா சாஸ்: தோலை உரித்துவிடுங்கள்

சாசேஜை, அதாவது மெல்லிய தோலுக்குள் அடைத்த அரைத்த இறைச்சியை, வட்ட வட்டமாக நறுக்கிப் போட்டால் சாஸ் ஒரு பக்கம், இறைச்சி ஒரு பக்கம் என்று தனித்தனியாகவே நிற்கும். வேகவைக்காத சாசேஜின் தோலைக் கீறி உரித்து, உள்ளிருப்பதை வாணலியில் உதிர்த்துவிடுங்கள். நான்கு பேருக்கு 300 கிராம் தாராளம். எண்ணெய் ஒரு தேக்கரண்டி போதும். கொழுப்பு தானே உருகி வரும். உடனே கிளறாதீர்கள். அடிப்பக்கம் பழுப்பாகி, ஓரம் மொறுமொறுப்பானதும் புரட்டுங்கள். வாணலியில் ஒட்டியிருக்கும் அந்தப் பழுப்பில்தான் ருசியே இருக்கிறது.

அதே கொழுப்பில் வெங்காயம், பூண்டு வதக்கி, 400 கிராம் தக்காளியை மசித்து ஊற்றி, அடியைச் சுரண்டிவிடுங்கள். சிறு தீயில் 20 நிமிடம். விளிம்பில் எண்ணெய் பிரிந்து மினுங்கினால் பதம். புளிப்பு தூக்கலாக இருந்தால் ஒரு சிட்டிகை சர்க்கரை. உப்பைக் கடைசியில் சுவைத்துப் பார்த்தே சேருங்கள். சாசேஜிலேயே நிறைய இருக்கும். நான் முதலிலேயே போட்டு ஒருமுறை முழுச் சட்டியையும் கெடுத்திருக்கிறேன்.

பாஸ்தா வெந்த நீரில் அரைக் கோப்பை எடுத்துவைத்துக் கலந்தால், அதிலுள்ள மாவுச்சத்து சாஸைப் பாஸ்தாவோடு ஒட்டவைக்கும்.