புதுத் தாதியருக்கு: நோயாளியிடம் கேட்கிற விதம்

வன்னியில் முதல் நியமனம் கிடைத்து விடுதிக்கு வந்து நிற்கிற தங்கச்சிமார், தம்பிமாருக்கு இது. கை கழுவுவது படித்ததுதான்: சவர்க்காரம் என்றால் 40 முதல் 60 செக்கன், கைக்குப் பூசும் ஸ்பிரிட் என்றால் 20 முதல் 30. நான் சொல்ல வந்தது கேள்வி கேட்பதைப் பற்றி.

1. பெயரை நீங்கள் சொல்லாதீர்கள். "நீங்கதானே செல்வரத்தினம்?" என்றால் காய்ச்சலில் கிடக்கிற அப்பு எதற்கும் தலையாட்டுவார். எனக்கு நடந்தது. பக்கத்துக் கட்டில்காரரின் பிறஷர் குளிசை அவர் கைக்குப் போய்விட்டது. "இவருக்குத் தாறது ரோஸ் நிறமல்லோ மிஸ்" என்று மனைவி தடுத்திராவிட்டால் விழுங்கியிருப்பார். "உங்கட முழுப் பெயர் என்ன? வயசென்ன?" என்று கேட்டு அட்டையோடு ஒத்துப் பாருங்கள். கட்டில் இலக்கத்தை நம்பவேண்டாம்; காற்றுக்காக யன்னலோரம் மாறிப் படுத்திருப்பார்கள்.

2. "அலர்ஜி இருக்கோ?" என்றால் "இல்லை" என்றுதான் வரும். "ஊசி போட்டோ குளிசை குடிச்சோ எப்பவாவது உடம்பு தடிச்சதோ, மூச்சு முட்டினதோ?" என்று கேளுங்கள். கதை வரும். அட்டையின் முகப்பிலேயே சிவப்பில் எழுதுங்கள்.

3. எம்.ஆர்.ஐ.க்கு, அதாவது பெரிய காந்தத்துக்குள் படுக்கவைத்து எடுக்கிற ஸ்கேனுக்கு, அனுப்ப முன்: "உடம்பில செல் துண்டு, சன்னம் ஏதும் இருக்கோ?" 2009 போரைத் தாண்டி வந்த பலர் தாமாகச் சொல்லமாட்டார்கள். இத்தனை வருசம் கூடவே கிடப்பது அவர்களுக்கு வருத்தமாகத் தெரிவதில்லை. காந்தத்துக்குள் இரும்புத் துண்டு அசையலாம், சூடாகலாம். கண்ணுக்குள் இருந்தால் பார்வையே போகலாம். இருக்கிறது என்றால் வைத்தியருக்கும் ஸ்கேன் பிரிவுக்கும் உடனே அறிவியுங்கள். கேட்கும்போது திரையை இழுத்துவிட்டு, மெதுவாகக் கேளுங்கள்.

4. பொய்க்கால் போடுகிறவர்களிடம் படுக்கும் முன்பே கேளுங்கள், "இரவில எந்தப் பக்கத்தால எழும்புவீங்கள்?" ஊன்றுகோல் அந்தப் பக்கம், கை எட்டுகிற தூரத்தில். கட்டிலைப் பதித்து, சில்லுகளைப் பூட்டுங்கள். தூக்கக் கலக்கத்தில் இல்லாத காலை ஊன்றி எழும்பி விழுந்தவரைத் தூக்கியிருக்கிறேன்.

5. பாம்புக்கடிக்கு விச எதிர்ப்பு மருந்து ஏற்ற முன்பே, அந்த மருந்துக்கு அலர்ஜி வந்தால் போடுகிற அட்ரினலின் தட்டில் இருக்கட்டும். முதல் மணித்தியாலம் நோயாளியை விட்டு விலகாதீர்கள். "என்ன செய்யுது?" என்று கேட்டுக்கொண்டே இருங்கள். "சொறியுது" என்றால் உடனே ஏற்றுவதை நிறுத்தி, வைத்தியரைக் கூப்பிடுங்கள்.

6. வைத்தியர் சிங்களத்தில் கேட்க, ஆச்சி தமிழில் சொல்ல, நடுவில் நிற்பது பெரும்பாலும் நீங்கள்தான். ஆச்சி பத்து வசனம் சொன்னால் ஒன்றாகச் சுருக்காதீர்கள். நெஞ்சு நோ ஒன்பதாவதில் இருக்கும்.