குழந்தைகளுக்கான படக்கதைப் பக்கத்தை அமைப்பது எப்படி: எர்ஜேயின் பணிமுறையிலிருந்து

குழந்தைகளுக்காகப் படக்கதை எழுதித் தாமே படமும் வரைய விரும்புகிறவர்கள், டின்டின் என்ற இளம் செய்தியாளனின் சாகசப் படக்கதைத் தொடரைப் படைத்த பெல்ஜிய ஓவியர் எர்ஜேயின் (1907–1983) பணிமுறையைக் கூர்ந்து பயில வேண்டும். பிரசெல்ஸ் நாளிதழ் ஒன்றின் சிறுவர் இணைப்பிதழில் 1929 ஜனவரி 10 அன்று அவர் தொடங்கிய அந்தத் தொடர், ஒவ்வொரு வியாழனும் இரண்டு பக்கங்களாக வெளிவந்தது. படிக்கும் சிறுவன் அடுத்த வாரம் வரை காத்திருக்க வேண்டியிருந்ததால், பகுதியின் இறுதியில் ஓர் ஆபத்தோ புதிரோ நிற்பது அவசியமாயிற்று. ஆகவே பக்கத்தை அமைக்கும்போது முதலில் கடைசிப் படக்கட்டத்தை முடிவு செய்துகொண்டு, அதை நோக்கி மற்றக் கட்டங்களை நகர்த்துங்கள்.

வரையத் தொடங்குமுன் செய்ய வேண்டிய வேலையே மிகப் பெரியது. அன்று பெல்ஜியத்தின் காலனியாக இருந்த காங்கோவைப் பற்றிய டின்டின் கதையை அந்நாட்டைப் பார்க்காமலே, தம்மைச் சுற்றியிருந்தோரின் காலனியக் கண்ணோட்டத்தை அப்படியே ஏற்று எர்ஜே வரைந்தார். அதன் கறை இன்றும் நீங்கவில்லை. 1934இல் சீனாவைக் கதைக்களமாகக் கொள்ள முனைந்தபோதோ, பிரசெல்ஸில் கலை பயின்றுகொண்டிருந்த சாங் சோங்-ஜென் என்ற சீன மாணவரைச் சந்தித்து, அந்நாட்டு வாழ்க்கையையும் அரசியலையும் தூரிகைப் பயிற்சியையும் அவரிடம் கேட்டறிந்தார். 'நீலத் தாமரை' என்ற அந்தச் சீனக் கதையின் தெருச் சுவர்களில் வெறும் கிறுக்கல்கள் இல்லை. 'ஏகாதிபத்தியம் ஒழிக' என்பது போன்ற உண்மையான சீன முழக்கங்கள் இருக்கின்றன. பெல்ஜியச் சிறுவன் எவனும் அவற்றைப் படித்திருக்க முடியாது. ஆயினும் படிக்க முடியாதவனுக்கும் பொய் காட்டக் கூடாது என்பதே குழந்தைகளுக்கு வரைபவரின் முதற்கடமை என்று நான் கருதுகிறேன்.

அடுத்து, பென்சில். எர்ஜேயின் முன்வரைவுகளைப் பார்ப்பவர்கள் வியப்படைவார்கள்; ஓர் உருவத்தின் மேல் பல கோடுகள் வேகமாக மோதிக் கிடக்கும், சில இடங்களில் தாளே தேய்ந்திருக்கும். உருவத்தின் அசைவை மிகச் சரியாகப் பிடித்த கோட்டை அந்தக் குவியலிலிருந்து தேர்ந்தெடுத்து, மெல்லிய தாளை மேலே வைத்துப் படியெடுத்த பிறகே அவர் மை தீட்டினார். ஆகவே முன்வரைவில் அழிப்பானை ஒதுக்கிவிட்டுத் தயங்காமல் கோடு போடுங்கள். மை தீட்டும்போது மட்டும் கோட்டின் தடிமன் சீராக இருக்கட்டும். நிழலுக்காகக் குறுக்குக்கோடுகள் இழைப்பதைத் தவிர்த்து, வண்ணத்தை ஒரே சீராக நிரப்புங்கள். டின்டினின் கண்கள் வெறும் புள்ளிகள்தாம். ஆனால் அவன் ஏறும் காரும் விமானமும் உரிய விவரங்களோடு இருக்கும். முகம் எளிமையாக இருப்பதால் எந்தக் குழந்தையும் அதில் தன்னை வைத்துப் பார்க்கலாம். சூழல் நுணுக்கமாக இருப்பதால் கதையை நம்பலாம்.

தமிழ் இடமிருந்து வலமாகப் படிக்கப்படுவதால், முன்னேறிச் செல்பவரை வலப்புறம் நோக்கி வரைவது கண்ணுக்கு இயல்பாக அமையும். தடையோ பின்வாங்கலோ நேரும்போது திசையை மாற்றலாம். பேச்சுக்குமிழிகளுக்குரிய இடத்தை உருவங்களுக்கு முன்பே ஒதுக்கிவிடுங்கள். முதலில் பேசுபவர் இடப்பக்கம் நிற்க வேண்டும். இல்லாவிட்டால் குமிழிகளின் வால்கள் ஒன்றையொன்று வெட்டிக்கொள்ளும், பதிலைக் கேள்விக்கு முன்பே குழந்தை படித்துவிடும்.