கழுத்துத் தமனிக் காயத்துக்குக் குறியீடு இடும் முறை

மதுரையில் அமர்ந்து அமெரிக்க மருத்துவமனைகளின் சார்ட்டுகளுக்கு ஐசிடி-10-சிஎம் (நோய்களுக்கும் காயங்களுக்குமான அமெரிக்கக் குறியீட்டு முறை) குறியீடு இடுவோர், கழுத்து இரத்தக்குழாய்க் காயங்களுக்கான எஸ்15 பிரிவைத் திறக்குமுன், காயம் அடிபட்டதால் நேர்ந்ததா என்பதை மருத்துவரின் குறிப்பில் உறுதி செய்துகொள்ள வேண்டும். அடிபடாமல் தானாக ஏற்பட்ட கரோடிட் (கழுத்தின் முன்பக்கத் தமனி) உட்சுவர்க் கிழிசல் ஐ77.71-இல் சேரும். அடிபட்ட காயமாக இருந்து, கரோடிட் என்றால் எஸ்15.0, வெர்டிப்ரல் (கழுத்தெலும்பை ஒட்டிய தமனி) என்றால் எஸ்15.1.

மிகுந்த கவனம் வேண்டிய இடம் ஐந்தாம் எழுத்துதான். தமனி முழுதும் அறுபட்டிருந்தாலோ வெடித்திருந்தாலோ 2, அதாவது பெரிய கிழிசல். பகுதி அறுபட்டதற்கும், வெறுமனே கிழிசல் என்று எழுதப்பட்டதற்கும் 1, அதாவது சிறிய கிழிசல். இரத்தப்போக்கின் அளவை வைத்து நாமாகப் பெரிய கிழிசல் என்று முடிவுகட்டுவது நோயாளியின் பதிவுக்குச் செய்யும் அநீதி. ஐயமிருந்தால் மருத்துவரிடமே கேட்டுவிடுங்கள்.

ஆறாவதில் வலப்பக்கம் 1, இடப்பக்கம் 2. ஏழாவதில், காயத்துக்கான நேரடிச் சிகிச்சை நடக்கும்வரை ஏ. எனவே, வலது கரோடிட் முழுதும் அறுபட்டு அறுவை அரங்குக்குப் போனவருக்கு எஸ்15.021ஏ. திறந்த காயமும் இருந்தால் எஸ்11 பிரிவின் குறியீட்டையும் சேர்க்க வேண்டும்.