மைக்ரோ ஸ்பெக்ட்ரோமீட்டர்: புதிதாகத் தொடுபவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஒளியை நிறம் நிறமாகப் பிரித்து அளக்கும் ஸ்பெக்ட்ரோமீட்டர், அதாவது நிறமாலைமானி, விரல் நுனி அளவில் இப்போது கல்லூரி மாணவர்கள் கைக்கே வந்துவிட்டது. ஆர்டுயினோ பலகையில் இணைத்து, மடிக்கணினித் திரையில் அழகான வளைவு ஒன்றை வரவழைக்க அரை நாள் போதும். சிக்கல் அதற்குப் பிறகுதான். யார் இதைத் தூக்கிக்கொண்டு எங்கள் ஆய்வகத்துக்கு வந்தாலும், அந்தக் காலத்தில் நாங்கள் விழுந்த அதே குழிகளில்தான் விழுகிறார்கள். மூடியைக் கழற்ற மறப்பது, இருள் அளவு எடுக்க மறப்பது, சிக்னல் உச்சியில் முட்டித் தட்டையாவது, இதையெல்லாம் இங்கே சொல்லப்போவதில்லை. ஒரே நாளில் தானாகத் தெரிந்துவிடும். தெரியாமலே மாதக்கணக்கில் கூட வருபவை வேறு.

பெயரை மட்டும் பார்த்து வாங்குவது

மைக்ரோ, மினி, மினியேச்சர் என எந்தச் சொல்லுக்கும் இன்ன அளவு என்ற வரையறை கிடையாது. 1992-இல் ஓஷன் ஆப்டிக்ஸ் நிறுவனம் எஸ்1000 கருவியைக் கொண்டுவந்தபோது, மேசையை அடைத்துக்கொண்டிருந்த ஒன்றைக் கையில் தூக்கும் அளவுக்குச் சுருக்கியதே பெரிய சாதனை, அதுவே மினியேச்சர். இன்று ஹமாமட்சு தயாரிக்கும் சி12880எம்ஏ 20.1 × 12.5 × 10.1 மில்லிமீட்டர்தான், எடை 5 கிராம். அதை அந்த நிறுவனமே ‘மினி ஸ்பெக்ட்ரோமீட்டர், மைக்ரோ வரிசை’ என்று இரண்டு சொல்லையும் சேர்த்துத்தான் அழைக்கிறது. ஆக, இந்தப் பெயர்கள் சொல்வது பெட்டி சிறியது என்பதை மட்டும்தான். உள்ளே என்ன அளக்க முடியும் என்று அவை ஒரு வார்த்தைகூடச் சொல்வதில்லை.

இதே பெயரின் நிழலில் இன்னும் இரண்டு பொருட்கள் உலவுகின்றன. ஒன்று, மைக்ரோ ஸ்பெக்ட்ரோபோட்டோமீட்டர். இது நுண்ணோக்கியோடு சேர்ந்த கருவி. தடய அறிவியல் கூடங்களில் ஒற்றை நூலிழையின் சாயத்தையும் பெயின்ட் துணுக்கையும் ஒப்பிடுவது இதில்தான். அங்கே சிறியது மாதிரிப் பொருள். கருவி மேசையளவு இருக்கும், விலையும் அப்படியே. இரண்டையும் குழப்பிக்கொண்டு விலைப்புள்ளி கேட்டவர்களைப் பார்த்திருக்கிறேன்.

இன்னொன்று ஏஎஸ்7341 போன்ற பலநிறச் சென்சார். கண்ணுக்குத் தெரியும் ஒளியை 415, 445, 480, 515, 555, 590, 630, 680 நானோமீட்டர் என 8 இடங்களில் அகலமான வடிகட்டிகள் வழியாக அளக்கும். கூடவே அண்மை அகச்சிவப்புக்கு ஒன்று, வடிகட்டி இல்லாமல் ஒன்று. நல்ல பொருள், மலிவு. விளக்கின் நிறத்தைக் கண்காணிக்கவும், பழம் பழுத்ததா என்று வகை பிரிக்கவும் போதும். ஆனால் 8 புள்ளிகளை வழவழப்பான கோட்டால் இணைத்து ‘நிறமாலை’ என்று திட்ட அறிக்கையில் ஒட்டுகிறார்களே, அது தவறு. புள்ளிகளுக்கு நடுவில் வரும் மேடு பள்ளமெல்லாம் எக்செல் வரைந்தது.

பிக்சல் இடைவெளியைப் பிரிதிறன் என்று எடுத்துக்கொள்வது

இதைப் பற்றிப் பேசத்தான் இந்தக் கட்டுரையே. இத்தனை வருஷம் ஆகியும் இதைக் கேட்டால் எனக்கு எரிச்சல் வருகிறது.

சி12880எம்ஏ-வை எடுத்துக்கொள்வோம். அளக்கும் எல்லை 340 முதல் 850 நானோமீட்டர் வரை. உள்ளே 288 பிக்சல். 510-ஐ 288-ஆல் வகுத்தால் சுமார் 1.8 வருகிறது. உடனே ‘என் கருவியின் பிரிதிறன் 1.8 நானோமீட்டர்’ என்று எழுதிவிடுகிறார்கள். தயாரிப்பாளர் விவரத்தாளில் பிரிதிறன் அதிகபட்சம் 15 நானோமீட்டர் என்று வெளிப்படையாகவே போட்டிருக்கிறார். அந்த வரியைத்தான் யாரும் படிப்பதில்லை.

1.8 என்பது இரண்டு புள்ளிகளுக்கு இடையே உள்ள தூரம். 15 என்பது, கத்தி மாதிரி கூர்மையான ஒற்றை நிறக் கோடு உள்ளே போனால் அது எவ்வளவு அகலமாக அப்பிக்கொண்டு வெளியே வரும் என்பது. அதை உச்சியின் பாதி உயரத்தில் அளப்பார்கள். அரை உயர அகலம் என்று பெயர். கண்ணாடியைக் கழற்றிவிட்டு, மில்லிமீட்டர் கோடு போட்ட ஸ்கேலால் அளப்பது மாதிரிதான் இது. ஸ்கேலில் கோடு எவ்வளவு நெருக்கமாக இருந்தாலும் பார்வை தெளியாது.

சிறிய பெட்டியில் இதற்கு வழியும் குறைவு. ஒளியை நிறங்களாகப் பிரிக்கும் கோடுகள் கீறிய பரப்பான கீற்றணியில் பட்டு விரியும் நிறங்கள் ஒன்றையொன்று விட்டு விலக ஓரளவு தூரம் வேண்டும். 10 மில்லிமீட்டர் உயரமுள்ள பெட்டியில் அந்தத் தூரம் எங்கிருந்து வரும்? ஒளி நுழையும் பிளவைக் குறுக்கினால் கூர்மை கூடும், ஆனால் வெளிச்சம் போய்விடும்.

சரி, இதனால் என்ன நஷ்டம்? ஒரு கதை சொல்கிறேன். கீரையில் நிழல்வலையின் விளைவைப் பார்த்துக்கொண்டிருந்த ஆராய்ச்சி மாணவி ஒருவர். துறையில் இருந்த பெரிய கருவி பழுது. இணையத்தில் ஒரு குட்டிக் கருவி வாங்கிக்கொண்டார். விற்றவர் ‘ரெசல்யூஷன் 2 நானோமீட்டர்’ என்று சொல்லியிருந்தார். இலையை 80 சதவீத அசிட்டோனில் அரைத்து, நம்மூர் தாவரவியல், வேளாண் மாணவர்கள் எல்லோருக்கும் மனப்பாடமான ஆர்னனின் 1949-ஆம் ஆண்டுச் சமன்பாட்டைப் போட்டார். பச்சையம் ஏ என்பது 663 நானோமீட்டரில் உள்ள அப்சார்பன்ஸை (சாறு எவ்வளவு ஒளியை விழுங்குகிறது என்ற அளவு) 12.7-ஆல் பெருக்கி, 645-இல் உள்ளதை 2.69-ஆல் பெருக்கிக் கழிப்பது. பச்சையம் பி என்பது 645-இல் உள்ளதை 22.9-ஆல் பெருக்கி, 663-இல் உள்ளதை 4.68-ஆல் பெருக்கிக் கழிப்பது. ஏ-வுக்கும் பி-க்கும் உள்ள விகிதம் வெயிலில் வளரும் செடியில் 3-ஐ ஒட்டியோ அதற்கு மேலோ இருக்கும், நிழலில் குறையும். அவருக்கு வந்தது 2-ஐக்கூடத் தொடவில்லை. நிழலுக்குத் தகவமைப்பு என்று ஓர் அத்தியாயம் தயார்.

“ஏம்மா, வலை போடாத செடிக்கும் அதே விகிதம்தானே வந்திருக்கு?” என்று கேட்டேன்.

“அது வெயில் அழுத்தம் சார்,” என்றார். அதற்கும் ஒரு பத்தி எழுதி வைத்திருந்தார்.

நடந்தது இதுதான். 663-க்கும் 645-க்கும் இடையே 18 நானோமீட்டர்தான் தூரம். கருவி அப்பும் அகலமே 15. பச்சையம் ஏ-வின் சிவப்பு மேட்டின் அகலம் சுமார் 18 நானோமீட்டர். அதை 15 நானோமீட்டர் மங்கல் வழியாகப் பார்த்தால் உச்சியில் ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் காணாமல் போகும். காணாமல் போனது எங்கே போகிறது? பக்கத்துச் சரிவில் வழிகிறது. அந்தச் சரிவில்தான் 645 இருக்கிறது. ஆக 663 குறைகிறது, 645 ஏறுகிறது. அந்த 645-ஐத்தான் சமன்பாடு 22.9-ஆல் பெருக்கி பச்சையம் பி என்று சொல்கிறது. தோராயமாகக் கணக்குப் போட்டுப் பார்த்தேன்: உண்மையில் 3 ஆக இருக்கும் விகிதம் இப்படிப்பட்ட கருவியில் 1.5 பக்கம் வந்து நிற்கும். இலைக்கு ஒன்றும் ஆகவில்லை.

இதில் எரிச்சல் எங்கே என்றால், அளவுகள் ஒன்றோடொன்று அழகாக ஒத்துப்போகும். மூன்று முறை எடுத்தாலும் அதே எண். மென்பொருள் 663.00, 645.00 என்று இரண்டு தசமத்தில் வேறு காட்டும். பிக்சல்களுக்கு இடையே தானே இட்டு நிரப்பிக்கொண்டு. திரும்பத் திரும்ப ஒரே விடை வருவதைப் பார்த்து ‘துல்லியம்’ என்று நம்பிவிடுகிறோம். சாறு கொட்டியாகிவிட்டது, பயிர் அறுத்தாகிவிட்டது. அந்தப் பெண் மறுபடியும் விதைத்தார்.

இதைத் தவிர்க்க ஐந்து நிமிடம் போதும். பழைய சிஎஃப்எல் பல்பு ஒன்றை எடுத்துக் கருவிக்கு முன்னால் காட்டுங்கள். அதிலுள்ள பாதரசம் 435.83 நானோமீட்டரில் ஒரு கோடு தரும். அந்தக் கோட்டின் சொந்த அகலம் ஒரு நானோமீட்டரைவிட மிகக் குறைவு. திரையில் அது பாதி உயரத்தில் எத்தனை நானோமீட்டர் அகலமாகத் தெரிகிறதோ, அதுதான் உங்கள் கருவியின் பிரிதிறன். அடியில் நீலப் பாஸ்பரின் (பல்பின் உட்புறம் பூசிய ஒளிரும் பொடி) மெல்லிய மேடு இருக்கும், அதைக் கழித்துவிடுங்கள். 546.07 கோட்டை இதற்கு எடுக்காதீர்கள். பக்கத்திலேயே டெர்பியம் பாஸ்பர் ஒட்டிக்கொண்டு நிற்கிறது, அகலம் பொய்யாகப் பெருகும். பாதரசத்துக்கு 576.96, 579.07 என்று ஓர் இரட்டைக் கோடும் உண்டு. யாராவது 2 நானோமீட்டருக்கும் கீழே பிரிப்பேன் என்றால், பாஸ்பர் பூசாத பாதரச விளக்கை வைத்து அந்த இரண்டையும் தனித்தனியாகக் காட்டச் சொல்லுங்கள். பாதரச விளக்கு இல்லையே என்று கிருமிநாசினி யூவி விளக்கைப் போய் எடுத்துவிடாதீர்கள். அதன் 254 நானோமீட்டர் ஒளி கண்ணைக் கெடுக்கும்.

ஏற்கெனவே குட்டிக் கருவிதான் கையில் இருக்கிறது என்றால்? தூக்கிப்போட வேண்டாம். ஆர்னனின் கெழுக்களை (12.7, 22.9 போன்ற பெருக்கும் எண்கள்) மட்டும் அப்படியே போடாதீர்கள். 1994-இல் வெல்பர்ன் வெளியிட்ட ஆய்வு, கரைப்பானுக்கு மட்டுமல்ல, கருவியின் பிரிதிறனுக்கும் ஏற்பக் கெழுக்களை மாற்ற வேண்டும் என்று சமன்பாடுகளையே பிரித்துக் கொடுத்திருக்கிறது. அதிலும் 15 நானோமீட்டருக்குக் கிடைக்காது. அதனால் கொஞ்சம் சாறுகளைப் பெரிய கருவியிலும் உங்கள் கருவியிலும் ஒரே நாளில் அளந்து, உங்கள் பெட்டிக்கென்று சொந்தக் கெழுக்களைப் போட்டுக்கொள்ளுங்கள். அப்புறம் அதே பெட்டி, அதே க்யூவெட் (சாறு ஊற்றும் சிறு கண்ணாடிக் கலம்), அதே விளக்கு.

அடுத்தவர் கெழுக்களை நகலெடுப்பது

எத்தனையாவது பிக்சல் எந்த அலைநீளம் என்பது ஒவ்வொரு துண்டுக்கும் வேறு. ஹமாமட்சு ஒவ்வொரு துண்டோடும் ஒரு சோதனைத் தாள் தருகிறது. அதில் ஐந்தாம் படிச் சமன்பாட்டுக்கான 6 எண்கள் இருக்கும். இணையத்தில் கிடைக்கும் மாதிரி நிரலிலும் 6 எண்கள் இருக்கும். அவை நிரல் எழுதியவரின் துண்டுக்கு உரியவை. நிரலை இறக்கி, ஓடுகிறதே என்று அப்படியே விட்டுவிடுகிறார்கள். சோதனைத் தாளைக் குப்பையில் போட்டவர்கள் பாதரசக் கோடுகளை வைத்து மறுபடி சரிசெய்யலாம், ஆனால் சிஎஃப்எல்லில் 611 பக்கம் வரும் சிவப்புக் கோடு பாதரசம் அல்ல, யூரோபியம். எல்இடி பல்பு இதற்கு உதவாது. அதில் பாதரசக் கோடே இல்லை.

அப்சார்பன்ஸ் 2-ஐ நம்புவது

பெட்டிக்குள் சிதறித் திரியும் ஒளி, சின்னக் கருவியில் எப்போதும் கொஞ்சம் அதிகம். ஒரு சதவீதம் சிதறினால், உண்மையில் 2 ஆக இருக்கும் அப்சார்பன்ஸ் 1.7 என்று காட்டும். சாறு எவ்வளவு அடர்த்தியானாலும் அளவு 2-ஐத் தாண்டாது. வளைவு உச்சியில் தட்டையாகிறதே, பூரிதநிலை போலும் என்று அதற்கும் ஒரு விளக்கம் எழுதுவார்கள். நீர்த்துவிட்டு அளங்கள். 1-க்குக் கீழே இருந்தால் நிம்மதி.

800-இல் தெரியும் மர்ம மேடு

கீற்றணி 400 நானோமீட்டர் ஒளியில் கொஞ்சத்தை 800-இன் இடத்திலும் கொண்டுபோய் விழவைக்கும். 400-இன் இரண்டாம் வரிசை என்று பெயர். வடிகட்டி போடுங்கள், போய்விடும்.

எண்ணிக்கையை ஒளியின் அளவு என்று படிப்பது

திரையில் செங்குத்து அச்சில் வருவது சென்சாரின் எண்ணிக்கை. சென்சாருக்கும் கீற்றணிக்கும் எல்லா நிறமும் ஒன்றல்ல. இரண்டு ஓரங்களிலும் உணர்திறன் நன்றாகவே குறையும். ‘இந்த விளக்கில் சிவப்பைவிட நீலம் இரண்டு மடங்கு’ என்று சொல்ல வேண்டுமானால், அளவு தெரிந்த விளக்கு ஒன்றை வைத்து முதலில் தரப்படுத்தியிருக்க வேண்டும். அப்சார்பன்ஸில் இந்தத் தொல்லை இல்லை. அங்கே வெற்றுக் கரைப்பானால் வகுக்கும்போது உணர்திறன் இரண்டு பக்கமும் அடிபட்டுப் போகிறது. செடி விளக்கு, எல்இடி என்று இறங்கியவர்கள்தான் இதில் மாட்டுகிறார்கள்.

ஃபைபரை வளைப்பது

கருவிக்கு ஒளியைக் கொண்டுவரும் இழைதான் ஃபைபர். வெற்றுக் கரைப்பானை அளந்த பிறகு அதைத் தொடவே தொடாதீர்கள். டேப் போட்டு ஒட்டிவிடுங்கள்.

விற்பவரிடம் தவறான கேள்வி கேட்பது

‘ரெசல்யூஷன் எவ்வளவு?’ என்று கேட்டால் வாய்க்கு வந்த எண் வரும். அரை உயர அகலம் எவ்வளவு, எந்த அலைநீளத்தில் அளந்தது, எந்தப் பிளவு அகலத்தில், சிதறொளி எத்தனை சதவீதம் என்று கேளுங்கள். பாதரச விளக்கில் எடுத்த கச்சாத் தரவுக் கோப்பையும் அனுப்பச் சொல்லுங்கள். படம் வேண்டாம், எண்கள் வேண்டும். “288 பிக்சல் சார்” என்று பதில் வந்தால் வேறு கடை பாருங்கள்.