தம்பியா, சட்டமா: ஒரு ரீல் மௌனப்படக் காட்சி அமைக்க

1910 வாக்கில் அமெரிக்காவில் வந்த ஒரு ரீல் (ஒரே படச்சுருளில் முடியும்) நாடகத்தின் பாணியில் எடுப்பதானால் கணக்கு இதுதான்: 35 மி.மீ. படச்சுருள் 1000 அடி, அடிக்கு 16 பிரேம். வினாடிக்கு 16 பிரேம் ஓட்டினால் சுமார் பதினாறரை நிமிடம்.

அதற்குள் அண்ணன் ஷெரீஃப் (ஊர்க் காவல் அதிகாரி), தம்பி குற்றவாளி என்று நிறுவ வேண்டும். உறவைச் சொல்ல எழுத்து அட்டையை (காட்சிக்கு நடுவே திரையில் வரும் எழுத்தை) வீணாக்காதீர்கள். தாயின் கையால் இருவரும் சாப்பிடும் ஒரே ஷாட் போதும். தம்பியின் கழுத்துத்துணியை அங்கேயே கண்ணில் படும்படி காட்டிவிடுங்கள். பின்னால் கொள்ளை நடந்த இடத்தில் அது கிடக்கும்போது, அண்ணன் குனிந்து எடுக்கிறான், நிற்கிறான், மறைக்கப் போகிறான். இங்கே அவசரம் கூடாது. முழுதாகப் பத்து வினாடி விடுங்கள். நெஞ்சில் அடித்துக்கொள்ளும் நடிப்பு தெருக்கூத்துக்குச் சரி, குளோசப்பில் சிரிப்பு வரும்.

பலரும் கோட்டைவிடுவது எழுத்து அட்டையில். ‘தம்பியைக் கைது செய்கிறான்’ என்று முன்னாலேயே போட்டால் இழுபறி செத்துப்போகும். அக்காலப் படங்கள் பலவற்றுக்கே இந்த வியாதி உண்டு. வாய் அசையத் தொடங்கியதும் வெட்டி, வசனத்தைக் காட்டி, அதே முகத்துக்குத் திரும்புங்கள். அட்டை திரையில் நிற்கச் சொல்லுக்கு ஒரு வினாடி, அதற்கு மேல் இரண்டு வினாடி.

படச்சுருளில் இரவுக் காட்சிக்கு நீலச் சாயம், விளக்கொளிக்கு மஞ்சள்.